கோல்டன்றொட் என்று ஒரு செடி இல்லை

ஓகஸ்ட் பிறந்துவிட்டால், கனடாவில் ரொறன்ரோவின் கிழக்குப் பகுதியான ஸ்காபரோவில் இரண்டு கட்சி கிளம்பிவிடும். வேலியோரத்தில் மஞ்சளாகப் பூத்து நிற்பது தும்மல் தரும் களை, உடனே பிடுங்க வேண்டும் என்பது ஒரு கட்சி. அது இந்த மண்ணுக்குரிய கோல்டன்றொட், பனிக்கு முன்னால் தேனீக்கு மிஞ்சும் கடைசிச் சாப்பாடு, எல்லா வளவிலும் நட வேண்டும் என்பது மற்றக் கட்சி. முதற்கட்சி தவறு என்று காட்டுவது சுலபம். உறுத்துவது இரண்டாவது கட்சிதான். அவர்கள் சொல்வது பொய் இல்லை, பாதி. சொலிடாகோ என்ற இந்தப் பேரினத்தில் 100 இனங்களுக்குக் குறையாது. பெரும்பாலானவை வட அமெரிக்காவுக்கே உரியவை, ரொறன்ரோ இருக்கும் ஒன்ராறியோ மாகாணத்தில் மட்டும் இருபதுக்கும் மேல். ஒன்று மேப்பிள் மர நிழலில் அடங்கி நிற்கும். ஒன்று மணலில்தான் நன்றாக இருக்கும். இன்னொன்று மூன்றே ஆண்டில் வேலிக்குக் கீழால் பக்கத்து வீட்டுக்குப் போய்விடும். "கோல்டன்றொட் நடுங்கள்" என்று பொதுவாகச் சொல்வது, மீன் வாங்கி வா என்று ஆளை அனுப்புவது மாதிரி; நெத்தலியும் வரலாம், சுறாவும் வரலாம்.

முதற்கட்சியின் வழக்கை விரைவாக முடித்துவிடலாம். ஓகஸ்ட் நடுவிலிருந்து உறைபனி விழும் வரை தெற்கு ஒன்ராறியோவில் மூக்கைப் படுத்துவது ராக்வீட் என்ற வேறொரு களை. அதுவும் அதே வாரங்களில், அதே வெறுநிலங்களில் பூக்கிறது. பூ பச்சை நிறமாக இருப்பதால் அதைப் பூவென்று யாரும் கவனிப்பதில்லை, பக்கத்தில் பளிச்சென்று நிற்கும் மஞ்சள்தான் கண்ணில் படுகிறது. ராக்வீட் மகரந்தத்தைக் காற்றில் விடும் செடி, ஒரு செடியே ஒரு பருவத்தில் நூறு கோடித் துகள்கள் வரை விடக்கூடியது. கோல்டன்றொட்டின் மகரந்தம் பாரமானது, பிசுபிசுப்பானது. பூச்சியின் காலிலும் மயிரிலும் ஒட்டிக்கொண்டுதான் ஊர் போகும். இரண்டையும் பிரித்தறியப் பூக்கும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. ராக்வீட்டின் இலை ஆழமாகப் பிளந்து கிழிந்திருக்கும். கோல்டன்றொட் இலை எந்த இனத்திலும் பிளவுபடாது. ராக்வீட் ஓராண்டுச் செடி என்பதால் ஜூலைக்குள் இழுத்தால் வேரோடு வந்துவிடும். ஒரு சிறு திருத்தம் மட்டும்: பூக்கடையில் நாள் முழுக்க கோல்டன்றொட் வெட்டிக் கட்டுபவர்களுக்கு அதன் சாற்றால் கையில் தோல் ஒவ்வாமை வருவதுண்டு. சூரியகாந்திக் குடும்பத்துச் செடிகள் பலவற்றுக்கும் உள்ள குணம் அது.

இரண்டாம் கட்சியின் ஆதாரங்கள் வலுவானவை. நூற்றுக்கும் மேற்பட்ட அந்துப்பூச்சி, வண்ணத்துப்பூச்சி இனங்களின் புழுக்கள் இந்தப் பேரினத்தின் இலையைத் தின்று வளர்கின்றன. டெலவேர் பல்கலைக்கழகப் பூச்சியியலாளர் டக் டலமி இதை நீண்ட காலமாக எடுத்துச் சொல்லி வருகிறார். அன்ட்ரீனா ஹிர்ட்டிசிங்க்டா என்ற இலையுதிர்காலத் தேனீ தன் குஞ்சுகளுக்குக் கோல்டன்றொட் மகரந்தத்தையே நம்பியிருக்கிறது. மெக்சிக்கோவுக்குப் புறப்படும் மொனார்க் வண்ணத்துப்பூச்சிகள் வழியில் இதில் இறங்கித் தேன் குடிக்கும். ஸ்கோலியா தூபியா என்ற குளவி இந்தப் பூவில் மேய்ந்துவிட்டு, புல்தரைக்கு அடியில் வேரைத் தின்னும் வண்டுப் புழுக்களில் முட்டையிடும். தேன் வளர்ப்பவர்களுக்கு இதன் வரவு மூக்கிலேயே தெரியும். செப்டெம்பரில் பெட்டிக்குப் பக்கத்தில் போனால் துவைக்காத காலுறை வாடை. தேன் முதிர்ந்ததும் வாடை போய்விடும்.

அப்படியானால் நடுவதில் என்ன பிழை? மெடோவே என்று இப்போது அழைக்கப்படும், ஸ்காபரோவைக் குறுக்கறுத்து 16 கிலோமீற்றர் ஓடும் மின்கம்பி வழியிலும், றூஜ் தேசிய நகரப் பூங்காவின் பழைய வயல்களிலும் கண்ணுக்குப் படும் மஞ்சளில் பெரும்பங்கு மூன்று இனங்கள்தான்: சொலிடாகோ கனடென்சிஸ், அல்ட்டிசிமா, ஜிகான்டியா. மூன்றும் நெருங்கிய உறவு. நிலத்தடித் தண்டு விட்டுப் படர்ந்து, ஒரே செடி ஒரு பெரும் கூட்டமாகிவிடும். இவற்றை யாரும் நடத் தேவையில்லை. ஐந்து ஆண்டு வெட்டாமல் விட்ட எந்த நிலத்துக்கும் தாமாக வரும். பரந்த வெளியில் அது குணம், எட்டு மீற்றர் அகலப் பின்வளவில் அது வழக்கு. இந்த நிலத்துக்கு வெளியே போனால் என்ன செய்யும் என்பதற்கும் சாட்சி உண்டு: அழகுச் செடியாகக் கொண்டுபோன ஐரோப்பாவிலும் சீனாவிலும் கனடென்சிஸ் குழு ஊரைப் பிடித்துவிட்டது, ஜப்பானில் அல்ட்டிசிமா ஆற்றங்கரைகளையும் கைவிட்ட வயல்களையும் நிரப்பியிருக்கிறது. இந்தியாவில் பூங்கொத்தில் றோசாக்களுக்கு இடையே செருகும் மஞ்சள் தூவலும் இந்தக் குழுவிலிருந்தும் அதன் கலப்புகளிலிருந்தும் வருவதுதான். ஊட்டி, கொடைக்கானல், நுவரெலியா பக்கம் இதை வாசிப்பவர்கள் அதை வெட்டுப்பூவாக வாங்குவதோடு நிறுத்திக்கொள்வது நல்லது. வேலியோரம் நட வேண்டாம்.

ஆகவே வளர்ப்பதற்கு முன் அடையாளம். அதில்தான் எல்லோரும் களைத்துப் போகிறார்கள்.

பூவை விட்டுக் கீழே இறங்குங்கள்

கோல்டன்றொட் அடையாளம் காண்பது கடினம் என்ற பேச்சில் உண்மை உண்டு. இனங்கள் தமக்குள் கலக்கும்; ஒரே இனத்துக்குள் இரண்டு மடங்கு, நாலு மடங்கு, ஆறு மடங்கு குரோமோசோம் கொண்ட செடிகள் இருக்கும். வாட்டர்லூ பல்கலைக்கழகத்தின் ஜோன் செம்பிள் தன் ஆய்வு வாழ்க்கையின் பெரும்பகுதியை இந்தப் பேரினத்துக்கும் அதன் உறவுகளுக்கும் கொடுத்தவர். அப்படியும் எல்லாக் கேள்வியும் தீரவில்லை. ஆனால் தோட்டக்காரருக்கு வேண்டியது சரியான பெயர் அல்ல. இது படருமா, அடங்கி நிற்குமா என்பதுதான் முதற் கேள்வி. அதற்குப் பதில் பூவில் இல்லை.

பூவிலிருந்து ஒரேயொரு விடயத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: பூங்கொத்தின் மொத்த உருவம். நாலு உருவம்தான். உச்சியில் கூம்பாக விரிந்து, கிளைகள் வெளிப்பக்கம் வளைந்து, பூக்கள் கிளையின் மேற்பக்கம் மட்டும் வரிசையாக அமர்ந்திருப்பது முதல் உருவம். மேலே சொன்ன மூவரும் இதில்தான். கூடவே ருகோசா, ஜுன்சியா, நெமொராலிஸ். இரண்டாவது, வளையாமல் நிமிர்ந்த தடி முழுக்கப் பூ அடர்ந்திருப்பது, ஸ்பெசியோசா அப்படி. மூன்றாவது, உச்சியில் பெரிய கொத்தே இல்லாமல் ஒவ்வொரு இலைக்கக்கத்திலும் சிறு சிறு கொத்தாகத் தண்டு நெடுகப் பூப்பது: சீசியா, ஃபிளெக்ஸிகோலிஸ். நாலாவது, கொத்தின் தலை வெட்டிவிட்டதுபோல் தட்டையாக இருப்பது: ரிகிடா, ஓஹயோவென்சிஸ். தட்டைத் தலையும் புல்போல ஒடுங்கிய இலையும் சேர்ந்திருந்தால் அது சொலிடாகோவே அல்ல, யூதாமியா என்ற பக்கத்துப் பேரினம். அதுவும் நன்றாகப் படரும்.

இரண்டாம், மூன்றாம் உருவம் என்றால் பெரும்பாலும் பயமில்லை. சிக்கல் முழுக்க முதலாவதில். இங்கேதான் பூவை விட்டுவிட்டுக் குனிய வேண்டும்.

தண்டின் நடுப்பகுதியில் ஒரு இலையைப் பறித்து வெளிச்சத்துக்கு எதிரே, அடிப்பக்கம் தெரியப் பிடியுங்கள். நடு நரம்புக்கு இரு பக்கமும் இன்னும் இரண்டு நரம்புகள் இலையின் நீளத்துக்கு ஏறக்குறைய இணையாக ஓடினால், அதாவது மூன்று கோடுகள் தெளிவாகத் தெரிந்தால், அது படரும் மூவரில் ஒன்றாக இருக்க வாய்ப்பு அதிகம். நடு நரம்பிலிருந்து பக்க நரம்புகள் பல கிளைத்து, அவை மேற்பக்கம் பள்ளமாகப் பதிந்து இலை சுருக்கம் விழுந்ததுபோல் இருந்தால் ருகோசா. பிறகு செடியின் அடியைப் பாருங்கள். ஜுன்சியா, நெமொராலிஸ், ஸ்பெசியோசா, ரிகிடா எல்லாவற்றுக்கும் தரையோடு ஒட்டிய அடியிலைக் கொத்து உண்டு. மேலே உள்ள இலைகளைவிடப் பெரிய, நீண்ட காம்புள்ள இலைகள். மூவருக்கும் அது கிடையாது. அவற்றின் தண்டு தரையிலிருந்து நேரே எழும், பூக்கும் நேரம் கீழ் இலைகள் காய்ந்து உதிர்ந்துவிடும், நடுத்தண்டு இலைகள் எல்லாம் ஏறக்குறைய ஒரே அளவாக இருக்கும்.

இந்த இரண்டையும் சேர்த்துப் பார்ப்பதுதான் எல்லாவற்றையும் மாற்றும் இடம். மூன்று நரம்பு, அடியில் இலைக்கொத்து இல்லை: படரும். அடியில் இலைக்கொத்து இருக்கிறது: நரம்பு எப்படி இருந்தாலும் இருந்த இடத்தில் இருக்கும், அல்லது மெதுவாக விரியும். நரம்பை மட்டும் பார்த்து முடிவு செய்தால் ஏமாறலாம், ஏனென்றால் ஜுன்சியாவிலும் நெமொராலிஸிலும் மங்கலாக மூன்று நரம்பு தெரிவதுண்டு. அடியைப் பார்த்தால் சந்தேகம் தீரும். இந்தச் சோதனைக்குப் பூவே தேவையில்லை. மே மாதக் கடைசியில், செடி முழங்கால் உயரம் இருக்கும்போதே செய்துவிடலாம். வேண்டாததைப் பிடுங்கச் சரியான நேரமும் அதுதான். இன்னும் நம்பிக்கை வராவிட்டால் விரலால் மண்ணைக் கிளறுங்கள். அடியிலிருந்து வெள்ளையோ இளஞ்சிவப்போ ஆன தடித்த தண்டுகள் பக்கவாட்டில் ஓடினால் வேறு ஆதாரம் வேண்டாம்.

மூவரையும் தமக்குள் பிரிக்க விரும்புபவர்களுக்கு: ஜிகான்டியாவின் தண்டு பூங்கொத்துக்குக் கீழே வழவழப்பு, பெரும்பாலும் ஊதா ஓடிய நிறம், விரலால் தேய்த்தால் அழியும் வெண்பூச்சு. அல்ட்டிசிமாவின் தண்டு மேலிருந்து கீழ்வரை சாம்பல்நிறக் குறுமயிர். கனடென்சிஸ் இரண்டுக்கும் இடையில், மேற்பகுதியில் மயிர், கீழே போகப்போகக் குறையும். கடைசி இரண்டையும் பிரிக்க உறுதியான வழி, 10 மடங்கு உருப்பெருக்கியும் மில்லிமீற்றர் அளவுகோலும்: பூவின் அடியில் உள்ள பச்சைச் செதில் கிண்ணம் கனடென்சிஸில் 2 முதல் 3 மி.மீ., அல்ட்டிசிமாவில் 3 முதல் 4 மி.மீ. காலமும் உதவும். தெற்கு ஒன்ராறியோவில் கனடென்சிஸ் ஜூலைக் கடைசியிலேயே தொடங்கிவிடும். அல்ட்டிசிமா செப்டெம்பரில்தான் உச்சத்துக்கு வரும். பழைய கையேடுகள் அல்ட்டிசிமாவைக் கனடென்சிஸின் ஒரு வகையாகவே சேர்த்து எழுதியதால், நாற்றுக் கடைச் சீட்டில் "கனடா கோல்டன்றொட்" என்றிருப்பது இரண்டில் எதுவாகவும் இருக்கலாம். தோட்டத்துக்கு இரண்டும் ஒன்றுதான், இரண்டும் வேண்டாம்.

பனிக்காலத்திலும் ஒரு துப்பு உண்டு. காய்ந்து நிற்கும் தண்டின் நடுவில் பெரிய கோலிக்குண்டு அளவில் உருண்டையான வீக்கம் தெரிந்தால், அது யூரோஸ்டா சொலிடாஜினிஸ் என்ற ஈயின் வேலை. அந்த ஈ பெரும்பாலும் இந்த மூவரின் தண்டு நுனி மொட்டில்தான் முட்டையிடும். உள்ளே புழு கிளிசரோலும் சோர்பிட்டோலும் உடம்பில் சேர்த்துக்கொண்டு, உறைந்தும் சாகாமல் வசந்தம்வரை கிடக்கும். மரங்கொத்தி வந்து துளையிட்டு எடுக்காவிட்டால் என்று சேர்த்துச் சொல்ல வேண்டும். பனியில் துளைபோட்டு மீன் பிடிப்பவர்களும் இந்தப் புழுவைத் தூண்டிலில் கோப்பதுண்டு. வீக்கம் உருண்டையாக இல்லாமல் இரு முனையும் ஒடுங்கி நீண்டிருந்தால் அது ஒரு அந்துப்பூச்சி. உச்சியில் இலைகள் கொத்தாக ஒடுங்கி நின்றுவிட்டிருந்தால் ஒரு சிறு கொசுவினம். எதுவும் நோயல்ல, வெட்ட வேண்டியதில்லை.

படம் எடுத்துச் செயலியிடம் கேட்பவர்கள் பூவை மட்டும் எடுக்கிறார்கள். அதை வைத்துச் செயலியும் சரி, மனிதரும் சரி, ஊகிக்கத்தான் முடியும். நாலு படம் எடுங்கள்: பூங்கொத்து முழுவதும் பக்கவாட்டில், நடுத்தண்டு இலையின் அடிப்பக்கம், மயிர் தெரியும்படி தண்டு, தரையோடு சேர்ந்த அடி.

வளவுக்கு எது

ஒன்றே ஒன்று நடலாம் என்றால் சீசியாவைத்தான் சொல்வேன். நீலம் கலந்த ஊதாத் தண்டு, உருளையாக, வெண்பூச்சோடு. 45 முதல் 90 செ.மீ. உயரத்தில் வில்லாக வளையும். செப்டெம்பர், ஒக்டோபரில் தண்டு நெடுகப் பூ. மரநிழலில் வளரும், குத்தாகவே நிற்கும். நிலத்தடியில் ஓடாது. ரொறன்ரோ வளவுகளில் புல் வராமல் வெறுந்தரையாகக் கிடக்கும் இடம் மேப்பிள் மரத்தடிதான். அங்கே காய்ந்த நிழலைத் தாங்கிப் பூக்கும் செடிகள் கொஞ்சம்தான் உண்டு. இதன் தோழி ஃபிளெக்ஸிகோலிஸ். தண்டு கணுவுக்குக் கணு திசை மாறி வளைந்து வளைந்து போகும், கோணம் உள்ள தண்டு, அகன்ற முட்டைவடிவ இலை, ஓரத்தில் கூர்ப்பற்கள். இது கொஞ்சம் படரும், ஆனால் நிழலில் தரையை மூட வேண்டிய இடத்தில் அதுவே வசதி. இருதய வடிவ இலை கொண்ட நீல அஸ்டரோடு சேர்த்து நட்டால் இரண்டும் ஒரே வாரங்களில் பூக்கும்.

வெயில் கொளுத்தும் காய்ந்த இடத்துக்கு, கார் நிறுத்தும் பாதையோரம் போன்ற மணற்பட்டைக்கு, நெமொராலிஸ். 30 முதல் 60 செ.மீ. தான், சாம்பல் பூத்த இலை, ஒருபக்கம் சாய்ந்த சிறு கொத்து. நல்ல மண் கொடுத்தால் விழுந்துவிடும், ஆயுளும் குறையும். வறுமைதான் அதற்கு உரம். களிமண்ணும் வெயிலும் உள்ள இடத்துக்கு ரிகிடா: 90 முதல் 150 செ.மீ., தடித்த சொரசொரப்பான இலை, தட்டைத் தலை. நிலத்தடியில் படராது; விதையால் அக்கம்பக்கம் முளைக்கும், ஆகவே காய்ந்த தலைகளில் பாதியை நவம்பருக்குள் வெட்டிவிடலாம். ஈரம் நிற்கும் சுண்ணாம்பு மண்ணுக்கு ஓஹயோவென்சிஸ்.

ஸ்பெசியோசா எல்லாவற்றிலும் அழகு என்று பலர் சொல்வார்கள். நிமிர்ந்த சிவப்புத் தண்டில் அடர்ந்த மஞ்சள் தடி. ஆனால் ஒன்ராறியோவில் அது இயற்கையாக இருப்பது வால்போல் தீவிலும் கெனோராப் பக்கத்திலும்தான். வால்போல் தீவுக் கூட்டம் அழிவின் விளிம்பில் உள்ளதாகப் பட்டியலிடப்பட்டிருக்கிறது. கடையில் கிடைப்பதன் விதை எங்கிருந்து வந்தது என்று கேட்டு வாங்குங்கள். அந்த இடங்களுக்குப் பக்கத்தில் வாழ்பவர்கள் வேற்றூர் விதையை நடாமல் விடுவதே முறை.

தோட்டக்கடையில் அதிகம் கிடைப்பது ருகோசாவின் 'ஃபயர்வேர்க்ஸ்' என்ற தேர்வு வகை. வட கரோலினாவிலிருந்து வந்தது, 90 முதல் 120 செ.மீ., நாலு பக்கமும் சிதறும் கிளைகள். ஈரமண்ணில் மெதுவாக விரியும்; மூன்று நாலு ஆண்டுக்கு ஒருமுறை வசந்தத்தில் பிரித்தால் அடங்கும். நெடுஞ்சாலையோரத்தில் தடித்த வழவழப்பான இலையோடு நிற்கும் செம்பர்வைரன்ஸ் கடற்கரைச் செடி. குளிர்காலத்தில் கொட்டும் உப்பு அதற்கு வழி திறந்துவிட, உள்நாட்டுக்குள் வந்துவிட்டது.

விதையும் கன்றும்

விதை மிகச் சிறியது, வெளிச்சம் பட்டால்தான் முளைக்கும், குளிர்ந்த ஈரம் கண்டபிறகுதான் விழிக்கும். வெளிச்சம், குளிர், ஈரம் மூன்றையும் ஒருசேரக் கொடுக்கும் சுலபமான வழி, டிசம்பர் கடைசியிலிருந்து பெப்ரவரிக்குள் வெளியே விதைப்பது. அமெரிக்க வழிகாட்டிகள் பால் கலனை வெட்டச் சொல்லும். ஒன்ராறியோவில் பால் பையில் வருகிறது, ஆகவே ஒளி புகும் 4 லீற்றர் குடிநீர்க் கலனை எடுங்கள். அடியில் எட்டுத் துளை. நடுவில் சுற்றிவர வெட்டி, 3 செ.மீ. மட்டும் வெட்டாமல் கீல்போல் விடுங்கள். 8 முதல் 10 செ.மீ. உயரத்துக்கு ஈரமான நாற்றுக்கலவை. மேலே ஒரு சிட்டிகை விதையைத் தூவி உள்ளங்கையால் அழுத்துங்கள். மண்ணால் மூடக் கூடாது. வெட்டை ஒட்டுநாடாவால் மூடி, மூடியைக் கழற்றி, மழையும் பனியும் விழும் இடத்தில் வையுங்கள். ஏப்ரல் கடைசியில் முளைக்கும். வெயில் ஏறும் நாட்களில் திறந்துவிடாவிட்டால் உள்ளே வெந்துவிடும். குளிரில் போவதைவிட இப்படிப் போகும் கன்றுகள்தான் அதிகம்.

பனிக்காலம் தவறிவிட்டால் குளிர்சாதனப் பெட்டி. நனைத்துப் பிழிந்த கோப்பி வடிகடதாசியில் விதையைத் தூவி, மடித்து, பையிலிட்டு, 4 பாகை செல்சியஸ் அளவில் 60 நாள். பிறகு தட்டில் மேலாகத் தூவி 18 முதல் 21 பாகையில் வைத்தால் இரண்டு மூன்று கிழமையில் முளைக்கும். மேலிருந்து தண்ணீர் ஊற்றினால் விதை ஒரு மூலைக்கு ஒதுங்கும், இளந்தண்டும் அழுகும். தட்டின் அடியில் தண்ணீர் விட்டு உறிஞ்ச விடுங்கள். முதலாண்டு பெரும்பாலும் இலைக்கொத்து மட்டும்தான், பூ இரண்டாம் ஆண்டு. நெமொராலிஸுக்கு 30 செ.மீ., சீசியாவுக்கு 45 செ.மீ., ரிகிடாவுக்கு 60 செ.மீ. இடைவெளி. நட்ட முதற் கோடையில் கிழமைக்கு 2.5 செ.மீ. மழையளவு தண்ணீர், பிறகு தண்ணீரை மறந்துவிடலாம்.

சொந்தச் செடியில் விதை எடுக்க நினைப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. கோல்டன்றொட் பெரும்பாலும் தன் மகரந்தத்தைத் தானே ஏற்காது. ஒரே செடியைப் பிரித்துப் பத்து இடத்தில் நட்டாலும் மரபில் அது ஒரே செடிதான். பஞ்சு நிறைய வரும், விதை பதராக இருக்கும். வெவ்வேறு விதையிலிருந்து வந்த மூன்று செடியாவது வேண்டும்.

எங்கே பிழை வரும்

அதிகம் பிழை வருவது அக்கறையால். கத்தரிக்கும் பாகலுக்கும் போடும் மாட்டெருவை இதற்கும் போட்டால், செடி மனித உயரம் போய், ஓகஸ்ட் மழையில் படுத்துவிடும். எருவும் வேண்டாம், கொம்போஸ்ட்டும் வேண்டாம். உயரம் குறைக்க வேண்டுமானால் மே கடைசிக்கும் ஜூன் நடுவுக்கும் இடையில் மூன்றில் ஒரு பங்கை வெட்டுங்கள்; கிளை கூடும், பூ ஒரு கிழமை, இரண்டு கிழமை பிந்தும். ஜூலைக்குப் பிறகு வெட்டினால் பூவை வெட்டுகிறீர்கள். நெருக்கமாக நட்டால் இலையில் வெண்பூஞ்சணம் வரும், இடைவெளிதான் மருந்து. இலைக்கடியில் செம்மஞ்சள் புள்ளிகள் தெரிந்தால் துருநோய்; அது ஊசியிலைப் பைன் மரத்துக்கும் கோல்டன்றொட்டுக்கும் மாறி மாறிப் போகும் பூஞ்சை, செடியைக் கொல்லாது. இலையில் தார் தெறித்ததுபோல் கறுப்பு வட்டங்கள் இருந்தால் அதுவும் பூஞ்சைநோய் என்று மருந்தடிக்க வேண்டாம். ஒரு சிறு கொசுவினமும் அது கூட்டிவரும் பூஞ்சையும் சேர்ந்து கட்டிய வீடு அது. பூச்சிக்காக நட்ட செடிக்குப் பூச்சி மருந்து அடிப்பதில் பொருளே இல்லை.

ஏற்கெனவே மூவரில் ஒன்று வளவில் இருந்தால் பதற வேண்டியதில்லை. நிலத்தடித் தண்டுகள் ஆழமில்லை, பெரும்பாலும் மேல்மண்ணில்தான் ஓடும். மழை பெய்த மறுநாள், மே மாதத்தில், நாலு பல் உள்ள தோட்ட முள்ளால் நெம்பினால் நீளமாகக் கழன்று வரும். மண்வெட்டியால் கொத்தினால் துண்டு துண்டாகி ஒவ்வொன்றும் முளைக்கும். எடுத்த தண்டுகளை வீட்டு எருக்குழியில் போடாமல், நகரசபை எடுக்கும் கடதாசிப் பையில் போடுங்கள். தோண்ட முடியாத இடத்தில் ஜூன் நடுவிலும் ஓகஸ்ட் தொடக்கத்திலும் தரையோடு வெட்டுங்கள். சில ஆண்டுகளில் பலம் குறைந்துவிடும். வெளியானதும் அந்த இடத்தை வெறுமையாக விடக் கூடாது, ராக்வீட் காத்திருக்கும். வளவின் கோடியில் ஒரு சிறு கூட்டத்தை விட்டுவைக்க விரும்பினால், சுற்றிவர ஒரு மீற்றர் புல்லை மாதம் இரண்டு முறை வெட்டுங்கள். எந்தப் பிளாஸ்டிக் தடுப்பையும்விட அது நம்பகமானது.

காய்ந்த தண்டுகளைப் பனிக்காலம் முழுக்க நிற்க விடுங்கள். ஏப்ரலில் 30 முதல் 45 செ.மீ. விட்டு மேலே வெட்டினால், உள்ளே மென்மையான சோறுள்ள அந்தத் தண்டு முனைகளில் செராட்டினா என்ற சிறு தேனீக்கள் குடைந்து கூடு கட்டும். புதுத் தளிர் ஜூனுக்குள் குற்றிகளை மறைத்துவிடும். முன்வளவில் செய்பவர்கள் அயலவர் முறைப்பாடு பற்றிக் கவலைப்படுவதுண்டு. ஒன்ராறியோவின் களைச்சட்டப் பட்டியலில் ராக்வீட் இருக்கிறது, கோல்டன்றொட் இல்லை. ரொறன்ரோவின் 20 செ.மீ. உயர வரம்பு புல்தரைக்குரியது, நட்டு வளர்க்கும் பூச்செடிக்கல்ல. ஆனாலும் அதிகாரி வந்து நிற்கும்போது செடியின் பெயர் தெரிந்திருக்க வேண்டும். நடைபாதையோரம் முதல் ஒரு மீற்றருக்கு நெமொராலிஸ் போன்ற குட்டையானதை வைத்து, உயரமானவற்றைப் பின்னுக்குத் தள்ளி, ஒவ்வொன்றின் அடியிலும் பெயர்ச்சீட்டுக் குத்திவிட்டால் பெரும்பாலான முறைப்பாடு எழாமலே போகும்.